குழாயைத் திறந்துவிட்டுப் பேசியவள்

பாபு,

நேற்று உன் வக்கீல் முத்தியால்பேட்டைக்கு வந்திருந்தார். நான் இப்போது தங்கியிருக்கும் உன் சித்தி வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து, அவள் கொடுத்த காபியைப் பாதி குடித்து வைத்துவிட்டு, கோர்ட்டில் நான் என்ன சொல்ல வேண்டும் என்று பொறுமையாக எடுத்துச் சொன்னார். உன் பெண்சாதி வளர்மதியின் அண்ணன் சேகர் ஆட்களோடு வந்து, நீ இல்லாத நேரம் பார்த்துக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு போனான் என்று நான் சொல்ல வேண்டுமாம். "நீங்கதானம்மா வீட்ல இருந்தீங்க, பாத்த சாட்சின்னா நீங்க ஒருத்தர்தான்" என்றார். சேகர் மேல் முந்தாநாளே நீ போலீசில் புகார் கொடுத்துவிட்டாய் என்பது அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். "வரேன்னு சொல்லுங்க" என்றேன். மனுஷன் முகம் மலர்ந்துபோனார். அவருக்கும் உன்னைப் போல ஒரு குணம் இருக்கிறது. எதிர்பார்த்த வார்த்தை காதில் விழுந்துவிட்டால் அதற்கு மேல் எதையும் கேட்பதில்லை.

வருவேன். வந்து என்ன சொல்லப் போகிறேன் என்பதை நீ முன்னாலேயே தெரிந்துகொள். சேகர் அன்று சாரத்தில் உன் வீட்டுப் பக்கமே வரவில்லை. அவன் கடலில் இருந்தான். உன் மகளைத் தூக்கிக்கொண்டு போனது நான். நாளைக் காலை முதல் வேலையாக ஸ்டேஷனுக்குப் போய் இதைச் சொல்லப் போகிறேன். "குழந்தை அவ அம்மாகிட்ட இருக்கா" என்று அன்று சாயங்காலமே உன்னிடம் சொன்னேன். யார் கொண்டுபோய் விட்டார்கள் என்று நீ கேட்கவே இல்லை. மீன்காரர்கள் என்றால் இப்படித்தான் செய்வார்கள் என்று நீயே ஒரு கதை கட்டி, அதை நம்பியும் விட்டாய். இந்தக் கடிதத்தின் உறையை நான் ஒட்டவில்லை. உன் வக்கீல் படிக்கட்டும். உன் இங்கிலீஷ் சென்டருக்குப் பிள்ளைகளை அனுப்புகிறவர்கள் படித்தால் இன்னும் நல்லது.

நீ பேசக் கற்றுக்கொண்ட விதத்தை முதலில் சொல்கிறேன், ஏனென்றால் அது உனக்கு நினைவிருக்க வழியில்லை. உன் அப்பா மில்லில் ஷிஃப்ட் முடிந்து வருவார். குளித்ததும் உன்னை மடியில் போட்டுக்கொள்வார். எந்தத் தறி நின்றது, எந்த மேஸ்திரி யாரோடு சண்டை போட்டான் என்று பெரிய மனுஷனிடம் சொல்வது போல உன்னிடம் சொல்வார். நீ அவர் வாயையே பார்த்துக்கொண்டிருப்பாய். உனக்கு என்ன புரிந்ததோ, நடுநடுவே "ம்" கொட்டுவாய். அவர் மகிழ்ந்துபோய் இன்னும் சொல்வார். பேச ஆரம்பித்தபோது "நான் கடைக்குப் போவுனேன்" என்றாய், "மாமா வருனாரு" என்றாய். எங்கள் வீட்டில் யாரும் அப்படிப் பேசியதில்லை. தூங்கினேன், ஓடினேன், பாடினேன் என்று காதில் விழுந்ததிலிருந்து நீயே ஒரு விதியைக் கண்டுபிடித்து, அதைப் போகிற வருகிற சொல்லுக்கெல்லாம் மாட்டினாய். நாங்கள் சிரித்தோம், திருத்தவில்லை. கொஞ்ச நாளில் அது தானாகவே போய்விட்டது. பக்கத்து வீட்டில் பிரான்சிலிருந்து பென்ஷன் வாங்கும் குடும்பம் ஒன்று இருந்தது. அந்தப் பிள்ளைகளோடு கோலி விளையாடிவிட்டு வந்து, சோறு எடுத்து வைக்கும் என்னைப் பார்த்து "அத்தாந்" என்று கையைக் காட்டினாய். பிரெஞ்சில் பொறு என்று அர்த்தம். அந்தப் பிள்ளைகள் உனக்குப் பாடம் நடத்தவில்லை. கோலி ஆட்டத்தில் உன் முறை வரும்வரை காத்திருக்கச் சொன்னார்கள், அவ்வளவுதான்.

இதையெல்லாம் வீட்டில் பார்த்துக்கொண்டே, பகலில் ஆசிரியர் பயிற்சிப் பள்ளியில் கல்வி உளவியல் நடத்தினேன். தூண்டல், துலங்கல், வலுவூட்டல் என்று கரும்பலகையில் எழுதிப் போடுவேன். புறா சரியான இடத்தில் கொத்தினால் தானியம் விழும், அதனால் மறுபடி கொத்தும். குழந்தையும் சரியான ஒலியை எழுப்பினால் தாய் சிரிப்பாள், பால் கொடுப்பாள், அதனால் மறுபடி எழுப்பும். மொழி என்பது இப்படி வந்த பழக்கம்தான் என்று நடத்தையியல்காரர்கள் சொல்வதை நடத்துவேன். அடுத்த பாடத்தில் அதற்கு எதிர்க்கட்சி. குழந்தை ஒன்றுமில்லாத பாத்திரமாகப் பிறப்பதில்லை, மொழிக்கென்றே ஏதோ ஒன்றை மண்டைக்குள் கொண்டுவருகிறது, கேட்காத வாக்கியத்தையும் அது கட்டிவிடும் என்பார்கள். மூன்றாவதாக ஒரு கூட்டம். ஒரு முகத்தோடு இன்னொரு முகம் சேர்ந்து ஒரே பொருளைப் பார்க்கும்போதுதான் சொல் பிறக்கிறது, ஆள் இல்லாமல் மொழி இல்லை என்பார்கள். நீ என் அலமாரியிலிருந்து எடுத்துப் போன புத்தகத்தில் மூன்றுமே இருந்தன. முதல் பாடத்தோடு மூடிவிட்டாய். உன் தொழிலுக்கு அது போதுமானதாக இருந்தது.

தொழில் நன்றாகத்தான் நடந்தது. கால் சென்டர் வேலை என்று ஊரே அலைந்த சமயம். சாரத்தில் மருந்துக்கடை மாடியில் நாற்காலி போட்டு, ஹெட்போன் மாட்டி, ஒரே வாக்கியத்தை எல்லோரையும் திருப்பித் திருப்பிச் சொல்ல வைத்தாய். சரியாகச் சொன்னால் கைதட்டல், தப்பாகச் சொன்னால் மறுபடி முதலிலிருந்து. வேலைக்குப் போன பிள்ளைகளும் உண்டு, அதை நான் மறுக்கவில்லை. கனகசெட்டிக்குளத்திலிருந்து வளர்மதி அங்கேதான் வந்தாள். ஓட்டலில் ரிசப்ஷன் வேலை கிடைக்கும் என்று யாரோ சொன்னார்களாம். கடைசி வரை அவளுக்கு இங்கிலீஷ் வரவில்லை. உன் வகுப்பில் தேறாத ஒரே ஆளைத்தான் நீ கல்யாணம் செய்துகொண்டாய். அவள் பேச்சைக் கேட்டு மயங்கினேன் என்று என்னிடம் நீயே சொன்னாய். மீன் விற்கிற கூட்டத்தில் பிறந்தவளுக்கு வாய் ஓயாது, சிரிப்பும் ஓயாது. கல்யாணமான ஒரு வருஷத்தில் அந்தப் பேச்சுதான் உனக்கு அவமானமாகிவிட்டது.

ரோஷினி பிறந்து வீட்டுக்கு வந்த அன்றே சட்டம் போட்டாய். குழந்தை காதில் தமிழ் விழக் கூடாது. பாட்டியான என்னை அவள் கிரானி என்றுதான் கூப்பிட வேண்டும், ஆயா என்று கூடாது. வளர்மதிக்கு நீ எழுதிக் கொடுத்த பத்து இருபது வாக்கியம் மட்டும். அது தீர்ந்துபோனால் அவள் வாயை மூடிக்கொள்ள வேண்டும். குழந்தைக்குப் பால் கொடுக்கும்போது ஒரு தாய் என்னென்னவோ உளறுவாள், அந்த உளறலை நீ நிறுத்தினாய். "நாய் பழக்குற மாதிரி இருக்குடா" என்று நான் சொன்னதற்கு, "இது சயின்ஸ்மா, நீயே நடத்துனதுதான்" என்றாய். ரோஷினிக்கு ஒன்றரை வயதானதும் பிஸ்கட் டப்பா ஃபிரிட்ஜ் மேலே ஏறியது. குழந்தை அண்ணாந்து பார்த்துக் கையை நீட்டும். "ஐ வாண்ட் எ பிஸ்கட், ப்ளீஸ். சொல்லு" என்பாய். அது கடைசி எழுத்தை மட்டும் சொல்லும். பாதி பிஸ்கட் கொடுப்பாய். முழுதாகச் சொன்ன அன்று முழு பிஸ்கட் கொடுத்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தாயே, அந்தப் பார்வை எனக்கு மறக்காது. பிஸ்கட் வேண்டாத நேரத்தில் அவள் அந்த வாக்கியத்தைச் சொன்னதே இல்லை என்பதை நீ கவனிக்கவில்லை. அவள் உன்னிடம் எதையும் காட்டவில்லை, எதையும் கேட்கவில்லை, காக்கா பறந்தால் உன்னைக் கூப்பிடவில்லை. டப்பா இருக்கும் திசையில் மட்டும்தான் அவள் உன்னோடு பேசினாள்.

வளர்மதி தினமும் குழந்தையைக் குளிப்பாட்ட நெடுநேரம் எடுத்துக்கொண்டாள். தண்ணீர் வீணாகிறதே என்று சொல்லப்போன நான் குளியலறைக் கதவருகில் நின்றுவிட்டேன். குழாயை முழுசாகத் திறந்துவிட்டு, அந்தச் சத்தத்துக்குள் அவள் பேசிக்கொண்டிருந்தாள். "எங்கண்ணு, எந்தங்கம், இன்னா பாக்குற, சோப்பு நுர கீதா, ஊது, ஊது பாக்கலாம்." குழந்தை ஊதுகிற சத்தம், சிரிக்கிற சத்தம். பிறகு, தெளிவாக, ஒரு சின்னக் குரல்: "இன்னொண்ணு ஊது." வெளியே நாலு சொல்லைத் திக்கித் திக்கிச் சொல்கிற குழந்தை உள்ளே கதை பேசியது. வெளியே வந்த வளர்மதி என்னைப் பார்த்து வெளுத்துப்போனாள். "அத்த, அவருகிட்ட சொல்லிடாதீங்க" என்றாள். தன் பிள்ளையோடு பேசிவிட்டுத் திருடியைப் போல நின்றாள். நான் சொல்லவில்லை. அதற்குப் பிறகு, நீ வீட்டில் இருக்கும்போது அவர்கள் குளிக்கப் போனால், உன் ரூமில் டிவி சத்தத்தைக் கூட்டி வைப்பேன்.

பிறகு வந்தது உன் சென்டரின் ஆண்டு விழா. கல்யாண மண்டபம் எடுத்து, பெற்றோர்களை உட்கார வைத்து, இரண்டே முக்கால் வயதுப் பெண்ணுக்கு கவுன் மாட்டி மேடையில் நிறுத்தினாய். பேர் கேட்டாய், சொன்னாள். வயது கேட்டாய், சொன்னாள். கைதட்டினார்கள். அந்த நேரம் பார்த்து மைக் கிறீச்சிட்டது. குழந்தை நடுங்கிப்போய், "அம்மா, பயமா கீது, தூக்கும்மா!" என்று கத்தியது. மைக் அதை மண்டபம் முழுக்கக் கொண்டுபோனது. சிரிப்பு. முன்வரிசையில் ஒருத்தர், "சார் வீட்லயே கீதுதானா?" என்றார். நீயும் சிரித்துச் சமாளித்தாய். மேடைக்கு ஓடி வந்த வளர்மதியைக் கையைக் காட்டி நிறுத்தினாய். குழந்தை அழுது முடிக்கும்வரை யாரையும் தூக்க விடவில்லை. அழுகைக்குப் பலன் கிடைக்கக் கூடாது, இல்லையா?

வீட்டுக்கு வந்து நீ சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் உன்னை ஒரு கோபக்காரன் என்று மன்னித்திருப்பேன். வகுப்பெடுக்கும் குரலில் பேசினாய்.

"இது உன் வாயிலருந்துதான் வந்துச்சி."

"நான் பெத்த புள்ளகிட்ட நான் பேசக் கூடாதா?" என்றாள் வளர்மதி.

"பேசு. யாரு வேணாம்னா? இங்கிலீஷ்ல பேசு."

"தெரிஞ்சா பேச மாட்டனா? எனக்கு அதுல கொஞ்ச வரலங்க. அதுல திட்டக்கூட வரல."

"அப்ப கொஞ்ச நாள் உங்கம்மா வீட்ல இரு. இவ செட் ஆனதும் கூப்புடறேன்."

மறுநாள் காலை அவளை பஸ் ஏற்றிவிட்டு வந்தாய். குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது.

வலுவூட்டலை நிறுத்தினால் பழக்கம் தானே அழியும் என்று பாடத்தில் வருமே, அதை உன் மகள் மேல் செய்தாய். அவள் "அம்மா" என்று கூப்பிட்டால் யாரும் திரும்பக் கூடாது. "ஆயா" என்றால் நான் காது கேட்காத மாதிரி இருக்க வேண்டும். நான் இருக்கவில்லை. அதனால் என்னையும் குழந்தையையும் தனித்தனி ரூமில் வைத்தாய். அப்போதும் நான் உன்னோடு வாதாடிக்கொண்டுதான் இருந்தேன். வாதாடுவதற்குச் சம்பளம் வாங்கியவள், எனக்கு அதுதான் பழக்கம். குழந்தை முதலில் கத்திக் கூப்பிட்டது. பிறகு மெதுவாகக் கூப்பிட்டது. பிறகு கதவைப் பார்த்து உதட்டை மட்டும் அசைத்தது. "ஒர்க் அவுட் ஆவுதும்மா" என்றாய்.

ஒரு மத்தியானம் அவளுக்குக் காய்ச்சல் அடித்தது. நான் கஞ்சி எடுத்துக்கொண்டு வந்தபோது நீ கட்டில் ஓரத்தில், கையில் டம்ளரோடு உட்கார்ந்திருந்தாய். உதடு காய்ந்து வெடித்திருந்த குழந்தை "தண்ணி" என்றது. "வாட்டர்" என்றாய். "தண்ணி" என்றது. "சே வாட்டர்" என்றாய். அது உன் முகத்தைப் பார்த்தது, டம்ளரைப் பார்த்தது, பிறகு சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டது. நீ என்னைப் பார்த்து, ஏதோ கணக்கு சரியாக வந்துவிட்டது போலச் சொன்னாய்: "பாத்தியாம்மா, கேக்கறத நிறுத்திட்டா. அந்த வார்த்த போயிடுச்சி. இனிமே புதுசு வரும்."

உன்னைப் பெற்றதற்காக நான் வெட்கப்பட்டது அந்த ஒரு நிமிஷம்தான். அதற்கு முன்னும் பட்டதில்லை, இனிமேல் படவும் போவதில்லை. அந்த ஒன்றே எனக்கு ஆயுசுக்கும் போதும். டம்ளரை உன் கையிலிருந்து பிடுங்கினேன். நீ தோளைக் குலுக்கிவிட்டு வகுப்புக்குக் கிளம்பினாய். நான் நீட்டிய தண்ணீரை அவள் உடனே வாங்கவில்லை. உன் வண்டி தெரு முனை தாண்டும் சத்தம் கேட்ட பிறகுதான் குடித்தாள். குடித்துவிட்டு ஒன்றும் சொல்லவில்லை. மறுநாளும் சொல்லவில்லை. தமிழும் இல்லை, இங்கிலீஷும் இல்லை. பிஸ்கட்டைக் காட்டினாய், அவள் டப்பாவைக்கூடப் பார்க்கவில்லை. "டிரான்சிஷன்" என்று அதற்கு ஒரு பேர் வைத்தாய்.

காய்ச்சல் விட்டதும், நீ மருந்துக்கடை மாடியில் கைதட்டிக்கொண்டிருந்த நேரத்தில், அவளை இடுப்பில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன். கனகசெட்டிக்குளத்தில் சுனாமிக்குப் பிறகு கட்டிக் கொடுத்த வீடுகளில் ஒன்று அவர்களுடையது. வளர்மதி வாசலில் நின்றவள் ஓடி வந்தாள். குழந்தை கீழே இறங்கியது. அழவில்லை, கட்டிக்கொள்ளவில்லை. தாயின் ஒரு விரலைப் பிடித்து இழுத்துக்கொண்டு சுற்றுமுற்றும் தேடியது. வீட்டுக்கு எதிரே ஒரு தெருக்குழாய். அதனிடம் இழுத்துப் போய், இரண்டு கையாலும் திருகிவிட்டு, தாயின் முகத்தை அண்ணாந்து பார்த்தது. குழாயில் தண்ணீர் வரவில்லை. அங்கே காலையில் மட்டும்தான் வரும். சத்தம் வராததால் குழந்தை வாயைத் திறக்கவில்லை. வளர்மதி அந்த மணலிலேயே உட்கார்ந்துவிட்டாள். "இங்க பேசலாம் கண்ணு, இங்க யாரும் திட்ட மாட்டாங்க, பேசு கண்ணு" என்று கெஞ்சினாள். குழந்தை குழாயையே பார்த்துக்கொண்டிருந்தது. பாபு, வக்கீல் வைத்து நீ கேட்கிறது இந்தக் குழந்தையைத்தான்.

அதற்குப் பிறகு சில வாரம் அவள் ஒரு சொல் பேசவில்லை. அந்த வீட்டில் யாரும் அவளைப் பேசச் சொல்லவில்லை. சேகர் வலையைச் சீர்செய்துகொண்டே அவளிடம் கடலைத் திட்டுவான். அவன் பெண்சாதி அவளை மடியில் வைத்துக்கொண்டு பக்கத்து வீட்டுக்காரியோடு வம்பளப்பாள். தினமும் காலையில் தண்ணீர் வந்ததும் வளர்மதி அவளைக் குழாயடிக்குத் தூக்கிப்போய், குடங்களுக்கு நடுவே நின்று, முன்பு போலப் பேசிக்கொண்டிருப்பாள். நான் முத்தியால்பேட்டைக்கு வந்துவிட்ட பிறகு இரண்டு நாளுக்கு ஒரு முறை போய்ப் பார்ப்பேன். அப்படிப் போன ஒரு காலையில் வளர்மதியின் அம்மா குழாயடியில் மீன் கழுவிக்கொண்டிருந்தாள். உயிர் போகாத கெளுத்தி ஒன்று கை நழுவிக் கால்வாயில் விழுந்து ஓடியது. என் பக்கத்தில் நின்ற குழந்தை என் புடவையைப் பிடித்து இழுத்து, கையை நீட்டி, "ஆயா, மீனு போவுச்சி!" என்றது.

போச்சி என்றுதான் அந்த ஊரில் சொல்வார்கள். போவுச்சி என்று யாரும் சொல்ல மாட்டார்கள், வளர்மதி குழாய்ச் சத்தத்தில்கூடச் சொன்னதில்லை. குழந்தை தானாகச் செய்துகொண்டது. பேசாமல் இருந்த அத்தனை நாளும் உள்ளே அந்த வேலை நடந்துகொண்டிருந்திருக்கிறது. அதைச் சொல்ல அவளுக்கு ஒரு மீனும், சேர்ந்து பார்க்க ஓர் ஆளும் தேவைப்பட்டன. பிஸ்கட் தேவைப்படவில்லை. உன்னுடைய அதே தப்பு அது. உன் ரத்தம்தான், சந்தேகமே இல்லை. யாரும் திருத்தவில்லை. வளர்மதி மட்டும் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு வீட்டுக்குள் ஓடினாள். இப்போது ரோஷினிக்குக் குழாய் தேவையில்லை. தெருவில் போகிற நாயை நிறுத்தி வைத்துப் பேசுகிறாள்.

எனக்கு வயதாகிறது, அதனால் புத்தி சொல்வதற்காகச் சுற்றி வளைக்கப் போவதில்லை. நீ கெட்டவன் இல்லை என்று கோர்ட்டில் உன் வக்கீல் சொல்வார். குடிக்க மாட்டாய், கை நீட்ட மாட்டாய், நல்ல பள்ளியில் சேர்ப்பாய் என்பார். எல்லாம் உண்மை. கை நீட்டாமலே ஒரு குழந்தையின் வாயை நீ அடைத்தாய் என்பதும் உண்மை; அதை நான் சொல்வேன். உன் கொள்கை பொய் என்றும் நான் சொல்லப் போவதில்லை. மொழி விஷயத்தில் அது தோற்றது. ஆனால் பயத்தை அப்படித்தான் கற்றுக்கொடுக்க முடியும், அதை நீ முதல் வகுப்பில் தேறும்படி கற்றுக்கொடுத்திருக்கிறாய். ஆதாரம் வேண்டுமென்றால் போன ஞாயிற்றுக்கிழமையைச் சொல்கிறேன்.

அன்று நீ வளர்மதியின் போனுக்குக் கூப்பிட்டாய். குழந்தையோடு பேச வேண்டும் என்றாய். வேண்டாம் என்றேன். "அப்பாதான அத்த, பாவம்" என்று அவள் ஸ்பீக்கரில் போட்டாள். உன்னால் தாய்வீட்டுக்கு விரட்டப்பட்டவள் உன்னைப் பாவம் என்றாள். ரோஷினி அப்போது சேகரின் பெண்சாதியிடம் பூனை குட்டி போட்ட கதையை, கையையெல்லாம் ஆட்டி, பாதி சொல்லிக்கொண்டிருந்தாள். "ஹலோ ரோஷினி, சே ஹலோ டு டாடி" என்றாய். நல்ல குரலில்தான் சொன்னாய்; அன்பாகக்கூட இருந்தது. குழந்தை கதையை அப்படியே விட்டாள். இரண்டு கையையும் எடுத்து, ஒன்றின் மேல் ஒன்றாகத் தன் வாயைப் பொத்திக்கொண்டாள். கண் மட்டும் போனைப் பார்த்தது. நீ "சே ஹலோ, சே ஹலோ" என்று இரண்டு மூன்று தடவை சொல்லிவிட்டு, லைன் சரியில்லை என்று நினைத்து வைத்துவிட்டாய். லைன் சரியாகத்தான் இருந்தது. சாயங்காலம் சோறு ஊட்டுகிறவரை அவள் அந்தக் கையை எடுக்கவில்லை. வளர்மதி ஒவ்வொரு விரலாகப் பிரித்தாள். பூனைக் கதை மறுநாள்தான் முடிந்தது.

என்னைத் திட்ட வேண்டுமென்றால் முத்தியால்பேட்டைக்கு வா, கேட்டுக்கொள்கிறேன். சேகரை விட்டுவிடு. அந்த வீட்டுக்குப் போன் செய்யாதே. அங்கே உன் மகள் பேசிக்கொண்டிருக்கிறாள்.

அம்மா